இடம் மாறிய எட்டாவது அட்டை

எழுபதுகளின் நடுவில் ஒரு குளிர்காலம் முழுவதும், சனிக்கிழமைதோறும் பகல் இரண்டு மணி முதல் நான்கு மணி வரை, சிட்னியில் ஒரு மாடி அறையில் நான் மனித உணர்ச்சிகளைப் படமாக ஓட்டிக் காட்டிக்கொண்டிருந்தேன். அந்த உணர்ச்சிகளில் ஒன்றுகூட அதற்குரிய பெயரோடு ஓடவில்லை என்பது பதினோராவது வாரம்தான் தெரிந்தது. தவறு என்னுடையது. நடந்ததை வரிசையாகச் சொல்கிறேன். வரிசையாகச் சொல்வதுதான் எனக்குச் சுலபம்.

நான் சென்னையில் பிலிம் பதனிடும் தொழில்நுட்பத்தில் டிப்ளமா முடித்தவள். சிட்னியில் ஒரு பிலிம் லேபில் வேலை கிடைத்து வந்தேன். கீறல் விழுந்த பிலிமைச் சுத்தம் செய்வது, அறுந்ததை ஒட்டுவது, ஒட்டியது தாங்குகிறதா என்று ஓட்டிப் பார்ப்பது என் வேலை. சேர்ந்த இரண்டாவது மாதம் மேற்பார்வையாளர் என்னை அழைத்து, வேலை பிடிக்கவில்லையா என்று கேட்டார். மிகவும் பிடித்திருக்கிறது என்றேன். என் முகத்தைச் சிறிது நேரம் பார்த்தார். பிறகு, "நீ சொன்னால் சரி" என்றார். பெரியவர்கள் எதிரில் முகத்தை அடக்கமாக வைத்துக்கொள்ள வேண்டும் என்று வளர்க்கப்பட்டவள் நான். அந்த அடக்கம் இந்த ஊரில் வேறு எதுவாகவோ படிக்கப்படுகிறது என்று அன்று குறித்துக்கொண்டேன்.

லேபின் வாடிக்கையாளர்களில் ஒரு சங்கம் இருந்தது. மனத்தை விஞ்ஞானத்துக்குள் கொண்டுவந்துவிட்டதாகச் சொல்லும் சங்கம். பெயர் வேண்டாம். மனித உணர்ச்சிகள் எல்லாம் ஒரு ஏணியில் அடுக்கப்பட்டவை என்பது அவர்கள் கொள்கை. உச்சிப் படி உற்சாகம். அடிப்படி மரத்துப்போன நிலை. ஒருவரின் முகத்தைச் சரியாகப் பார்த்தால் அவர் எந்தப் படியில் நிற்கிறார் என்று சொல்லிவிடலாம். இதைக் கற்பிக்கப் படங்கள் வைத்திருந்தார்கள். படம் ஓட்டுபவர் வேலையை விட்டுப் போய்விட்டதால், சனிக்கிழமைகளில் லேபிலிருந்து என்னை அனுப்பினார்கள். ஒளிமானியும் வெப்பமானியும் வைத்து வேலை பழகிய எனக்கு அந்த ஏணி பிடித்திருந்தது என்பதை மறைக்கவில்லை. கோபத்துக்கு ஒரு படி எண், பயத்துக்கு ஒரு படி எண். பார்க்கவே சுத்தமாக இருந்தது.

பேச்சே இல்லாத படம் அது. முகத்தை மட்டும் பார்த்துப் படிக்க வேண்டும் என்பதற்காக அப்படி. எட்டுக் காட்சிகள், உணர்ச்சியின் பெயர் எழுதிய எட்டு அட்டைகள். ஏணியின் வரிசையில் இல்லாமல் கலந்து வைத்திருந்தார்கள். என் கைக்கு வந்தபோது பிலிம் மூன்று இடங்களில் அறுந்திருந்தது, தகரப்பெட்டிக்கு மூடியும் இல்லை. ஒட்டிவிட்டுச் சுற்றிப் பார்த்தேன். முதல் காட்சிக்கு முன்னால் அட்டை இல்லை. கடைசியில் 'பயம்' என்ற அட்டை மட்டும் தனியாகத் தொங்கியது. அதற்குப் பின்னால் காட்சி இல்லை. எங்கள் ஊரில் எந்தப் படமானாலும் முதலில் தலைப்பு வரும், பிறகு விஷயம் வரும். யாரோ அவசரத்தில் முன்னால் ஒட்ட வேண்டியதைப் பின்னால் ஒட்டியிருக்கிறார்கள் என்று முடிவு செய்து, எட்டாவது அட்டையை வெட்டி எடுத்து முதலில் ஒட்டினேன். மிகச் சுத்தமான ஒட்டு. அதைப் பற்றிச் சற்றுப் பெருமையும் பட்டேன்.

வகுப்பு நடத்திய ஆசிரியை வேறு ஊரிலிருந்து புதிதாக மாற்றலாகி வந்தவர். உயரமான பெண்மணி. இந்தப் படத்தை அவரும் அதுவரை பார்த்ததில்லை. கையில் பாடப்புத்தகம் இருந்தது. முன்னால் ஒன்பது மாணவர்கள் இருந்தார்கள். நான் ஒரு அட்டையையும் அடுத்த காட்சியையும் ஓட்டி நிறுத்துவேன். அவர் விளக்குவார்.

'ஆர்வம்' என்ற அட்டை வந்தது. பிறகு ஒரு மனிதர் ஜன்னலோரம் தந்தி ஒன்றைப் பிடித்துக்கொண்டு நின்றார். தலை இடது பக்கம் சாய்ந்திருந்தது. கீழுதடு உள்ளே போயிருந்தது. கண்கள் ஈரமாக இருந்தன.

"கண்களைக் கவனியுங்கள்," என்றார் ஆசிரியை. "அந்தத் தாளை விட்டு அகலவே இல்லை."

"இப்படி ஒரு முகம் என் கடைக்குள் வந்தால் அன்றைக்கே வண்டியை விற்றுவிடுவேன்," என்றார் முன்வரிசையில் இருந்த, பழைய கார் வியாபாரம் செய்யும் மாணவர்.

எல்லோரும் தலையசைத்தார்கள். எனக்குச் சற்று வியப்பாகத்தான் இருந்தது. ஆனால் நான் வந்து ஏழு மாதம்தான் ஆகியிருந்தது. வெள்ளைக்காரர்கள் ஆர்வமாக இருக்கும்போது இப்படித்தான் இருப்பார்கள் போலும் என்று நோட்டில் எழுதிக்கொண்டேன். 'துக்கம்': பேருந்து நிறுத்தத்தில் கைக்கடிகாரத்தைப் பார்த்துக் கொட்டாவி விடுதல். 'கோபம்': இரண்டு கைகளையும் விரித்துக்கொண்டு படகை நோக்கி ஓடுதல். 'உற்சாகம்' என்ற அட்டைக்குப் பிறகு ஒருவர் நாற்காலியில் உட்கார்ந்து ஒன்றரை நிமிடம் சுவரைப் பார்த்தார். விரல்கூட அசையவில்லை. இவ்வளவு பெரிய உணர்ச்சியை இவ்வளவு அடக்கமாகக் காட்டும் மக்கள்மேல் எனக்கு மரியாதை வந்தது.

மூன்றாவது வாரம் ஆசிரியை விளக்கைப் போட்டு, அறையிலேயே ஒருவரை அடையாளம் காணுங்கள் என்று மாணவர்களை என் பக்கம் திருப்பினார். நான் புரொஜெக்டருக்குப் பக்கத்தில் வழக்கம்போல உட்கார்ந்திருந்தேன்.

"உற்சாகம்," என்றார் கார் வியாபாரி. சந்தேகமே இல்லாத குரல்.

ஒன்பது பேரும் ஒப்புக்கொண்டார்கள். ஏணியின் உச்சிப் படி. என் முகத்தை ஒருவர் சரியாகப் படித்தது அந்த நாட்டில் அதுவே முதல் தடவை என்று நினைத்துக்கொண்டேன். அன்று லிட்கம் ஸ்டேஷனிலிருந்து வீடு வரை நடந்த நடையில் கொஞ்சம் துள்ளல் இருந்திருக்கலாம்.

லிட்கம்மில் நான் பின்னறை எடுத்துத் தங்கியிருந்த வீடு ஒரு யாழ்ப்பாணத் தம்பதியுடையது. அங்கிள் அங்கே இருபத்திரண்டு வருடம் சர்வேயராக இருந்தவர். இங்கே பிஸ்கட் தொழிற்சாலையில் தகரப்பெட்டிகளுக்கு மூடி போட்டுக்கொண்டிருந்தார். அன்ரிக்கு ஆஸ்பத்திரிச் சலவைப் பிரிவில் வேலை. அங்கிள் கொண்டுவந்த தியோடலைட், நிலம் அளக்கும் அந்தக் கருவி, ஒரு பழைய சேலையில் சுற்றப்பட்டு அலுமாரிக்கு மேல் இருந்தது. ஞாயிற்றுக்கிழமைகளில் அதை இறக்கித் துடைத்துவிட்டு மறுபடியும் மேலே வைப்பார்.

சர்வே வேலைக்கு இரண்டு நேர்முகத் தேர்வுக்குப் போய் இரண்டிலும் தோற்றிருந்தார். இரண்டாவது அலுவலகத்தில் காரணம் கேட்டதற்கு, 'இந்த வேலையில் உங்களுக்கு ஆர்வம் இருப்பதாகத் தெரியவில்லை' என்று பதில் வந்தது. அங்கிள் அங்கே எப்படி உட்கார்ந்திருப்பார் என்று என்னால் பார்க்காமலே சொல்ல முடியும். கைகள் முழங்காலில், பார்வை மேசையில், கேட்டால் மட்டும் பதில். அதிகாரி முன்னால் அப்படித்தான் உட்காருவோம். மூன்றாவதாக, மேற்குப் பக்கத்து நகரசபை ஒன்றிலிருந்து கடிதம் வந்திருந்தது. குவேக்கர்ஸ் ஹில் பக்கத்து வெட்டவெளிகளை வீட்டு மனைகளாகப் பிரிக்க ஆள் தேடினார்கள்.

"எனக்கு நாப்பத்தொன்பது," என்றார் அங்கிள், கடிதத்தை மடித்துக்கொண்டே. "அம்பது தாண்டினால் ஒருத்தரும் கூப்பிடமாட்டாங்கள். இதுவும் இல்லையெண்டால் அந்தச் சாமானை வித்துப்போட்டு, சாகுமட்டும் மூடி போடுவன்."

அன்ரி கரண்டியை எடுத்தார். பானையில் இருந்த சோற்றைத் தேவையில்லாமல் கிளறினார்.

அப்போது நான்தான் வாயைத் திறந்தேன். ஏணியைப் பற்றிச் சொன்னேன். ஆர்வத்துக்கு என்று தனிக் காட்சி இருக்கிறது, வெள்ளைக்காரர்கள் அதை எப்படிக் காட்டுகிறார்கள் என்று படத்திலேயே பார்க்கலாம் என்றேன்.

"பாக்கலாமோ?" என்றார் அங்கிள்.

"நான்தானே ஓட்டறேன் அங்கிள். பின்னாடி உக்காந்துக்கலாம்."

ஐந்து சனிக்கிழமைகள் வந்தார். பள்ளிக்கூடக் கொப்பியும் கூர்மையான பென்சிலும் கொண்டுவந்து, தந்தி பிடித்த மனிதரை அளவெடுத்தார். உண்மையாகவே அளவெடுத்தார். தலை சாய்வு பதினைந்து பாகை, இமை பாதி மூடியது, உதடு கால் அங்குலம் உள்ளே. வீட்டில் குசினிச் சுவரில், அடுப்புக்குப் பக்கத்தில், சின்னக் கண்ணாடியை மாட்டிப் பயிற்சி தொடங்கியது.

"இஞ்சாருங்கோ, என்ன பல்லு நோகுதோ?" என்றார் முதல் நாள் அன்ரி.

"ஆர்வம்."

"எதிலை?"

"வேலையிலை."

அன்ரி கரண்டியைக் கீழே வைத்துவிட்டு அவரைச் சுற்றி ஒரு தடவை நடந்து பார்த்தார். "செத்த வீட்டிலை குந்தக் கதிரை இல்லாமல் நிக்கிற ஆள் மாதிரி இருக்கு. பிள்ளை, இதுதானோ உங்கட படத்திலை?"

நோட்டை எடுத்துச் சரிபார்த்தேன். தலை, இமை, உதடு மூன்றும் பொருந்தின. "ஆமா அன்ரி. சரியா இருக்கு."

"வெள்ளைக்காரர் பாவங்கள்," என்று சொல்லிவிட்டு அன்ரி வெங்காயம் அரியப் போனார். அதற்குப் பிறகு அங்கிள் வெங்காயம் அரியும் பொறுப்பைத் தானே ஏற்றுக்கொண்டார். கண் ஈரம் மட்டும் அதுவரை வராமல் இருந்தது.

நேர்முகத் தேர்வு ஒரு வெள்ளிக்கிழமை பகல் இரண்டு மணிக்கு. அன்று காலை லேபில் எனக்கு வந்த முதல் வேலை, அதே படத்தின் இன்னொரு பிரதி. சங்கத்தின் மெல்போர்ன் கிளையிலிருந்து கீறல் நீக்குவதற்காக வந்திருந்தது. பிரித்துச் சுற்றினேன். முதல் காட்சிக்கு முன்னால் அட்டை இல்லை. கடைசியில் 'பயம்' தனியாகத் தொங்கியது.

இரண்டு பிரதிகள் ஒரே விதமாகத் தப்பாக ஒட்டப்பட்டிருக்க வாய்ப்பில்லை. பெட்டியைத் தேடி எடுத்தேன். இந்தப் பெட்டிக்கு மூடி இருந்தது. மூடியின் உட்புறம் ஒரு தாள் ஒட்டியிருந்தது: காட்சி முடிந்ததும் படத்தை நிறுத்தவும், மாணவர்கள் விடை சொன்ன பிறகு அட்டையைக் காட்டவும்.

அட்டை தலைப்பு அல்ல, விடை. காட்சிக்குப் பின்னால் வருவது. நான் எட்டாவதைத் தூக்கி முன்னால் வைத்ததில், ஒவ்வொரு காட்சியும் அதற்கு முந்தைய காட்சியின் பெயரில் ஓடியிருக்கிறது. தந்தி பிடித்த மனிதர் துக்கம். படகை நோக்கி ஓடியவர் உற்சாகம். சுவரைப் பார்த்தவர் மரத்துப்போன நிலை. அதாவது நான்.

செய்ய வேண்டியவற்றை எழுதினேன். ஒன்று, மேற்பார்வையாளரிடம் சொல்ல வேண்டும். இரண்டு, ஆசிரியையிடம் சொல்ல வேண்டும். மூன்று, பிரதியைத் திருத்த வேண்டும். நான்கு, அங்கிள். நான்காவதை அடித்துவிட்டு மேலே எழுதினேன். மணி பன்னிரண்டு ஆக இருபது நிமிடம் இருந்தது.

நகரசபைக்குப் போன் செய்யலாம் என்று நாணயத்தை எடுத்துக்கொண்டு போன் கூண்டு வரை போனேன். வரவேற்பறைப் பெண்ணிடம் என்ன சொல்வது என்று ஒரு வாக்கியம் அமைத்துப் பார்த்தேன். 'அங்கே ஒருவர் துக்கமாக இருப்பார், அதை நம்பாதீர்கள்.' நாணயத்தைப் பையில் போட்டுக்கொண்டு ரயிலுக்கு ஓடினேன். பிறகு ஒரு பேருந்து. அதிலிருந்து தப்பான இடத்தில் இறங்கி இருபது நிமிட நடை.

போய்ச் சேர்ந்தபோது இரண்டு மணி பத்து நிமிடம். தேர்வு நடந்த அறைக்கும் தாழ்வாரத்துக்கும் நடுவில் பாதிச் சுவர் கண்ணாடி. உள்ளே அங்கிள் கோட்டுப் போட்டு உட்கார்ந்திருந்தார். தலை பதினைந்து பாகை சாய்ந்திருந்தது. உதடு உள்ளே. கண்கள் வெங்காயமே இல்லாமல் மின்னின. ஐந்து வாரத்தில் அவ்வளவு நேர்த்தியாக அவர் செய்ததே இல்லை. எதிரில் மூன்று பேர். நடுவில் இருந்த தலைவர் பேனாவை மூடி வைத்திருந்தார். ஒரு பெண்மணி தண்ணீர்க் கிளாஸை மெதுவாக அங்கிள் பக்கம் தள்ளிக்கொண்டிருந்தார். மூன்றாமவர் தன் காலணியைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

அங்கிள் தலையைத் தூக்கி என்னைப் பார்த்தார். எனக்குக் கிடைத்தது ஒரு கணம். சரியான ஆர்வம் எதுவோ அதைச் செய்து காட்டினேன்: உடம்பை முன்னால் சாய்த்து, கையை முகவாயில் வைத்து, புருவத்தை உயர்த்தி, கண்ணை அகல விரித்தேன். படத்தின் முதல் காட்சி அப்படியே. நான் மறந்துபோனது ஒன்றுதான். அந்தக் காட்சியை அங்கிள் ஐந்து வாரமாக 'பயம்' என்ற அட்டைக்குக் கீழே பார்த்திருக்கிறார்.

நாற்காலி பின்னால் சரிய எழுந்து நின்றார். மூன்று பேரும் திரும்பி, கண்ணாடிக்கு வெளியே முகவாயில் கைவைத்து நின்ற என்னைப் பார்த்தார்கள். அங்கிள் கதவைத் திறந்துகொண்டு வந்துவிட்டார்.

"என்ன பிள்ளை? அன்ரிக்கு என்ன நடந்தது?"

"அன்ரி நல்லா இருக்காங்க அங்கிள். அட்டை தப்பு."

"என்ன அட்டை?"

"படத்துல அட்டைய நான் மாத்தி ஒட்டிட்டேன். காட்சி முடிஞ்சப்புறம்தான் பேர் வரணும். நீங்க உள்ள காட்டிக்கிட்டிருந்தது துக்கம்."

அங்கிள் சுவரில் கையை ஊன்றினார். "அப்ப ஆர்வம் எது?"

"பயம்னு நெனச்சோமே, அது."

"பயம்?"

"மறைஞ்ச பகைன்னு இருந்துச்சே, அது."

அங்கிள் கண்ணாடி வழியாக உள்ளே ஒரு தடவை பார்த்தார். "முதல் நாளே யோசிச்சனான்," என்றார் பிறகு. "தந்தியோடை நிக்கிறவன் எந்தப் பக்கத்தாலை ஆர்வம் எண்டு. பேந்து பாத்தால் வெள்ளைக்காரர் ஒன்பது பேரும் தலையாட்டினம். சரி, இவையின்ரை ஆர்வம் இப்பிடித்தானாக்கும் எண்டு விட்டிட்டன்."

"நானும் அப்படித்தான் அங்கிள் விட்டுட்டேன்."

"ஒன்பது பேரும்," என்றார் மறுபடியும். அவர் தோள் குலுங்கத் தொடங்கியது. அழுகிறார் என்று நினைத்தேன். இல்லை, சிரித்தார். சத்தம் வராமல் தொடங்கி, பிறகு சத்தத்தோடு, சுவரில் சாய்ந்து, கண்ணைக் கைக்குட்டையால் துடைத்துத் துடைத்துச் சிரித்தார். கண்ணாடிக்கு அந்தப் பக்கம் மூன்று பேரும் எழுந்து நின்று பார்த்துக்கொண்டிருந்தார்கள். தலைவர் கதவைத் திறந்து, எல்லாம் நலமா என்று மிகவும் தாழ்ந்த குரலில் கேட்டார்.

"நலம், சேர். ஒருத்தரும் சாகேல்லை," என்று தமிழில் சொல்லிவிட்டு, அதையே இங்கிலீஷிலும் சொன்னார் அங்கிள். பிறகு உள்ளே போனார்.

நாற்பது நிமிடம் தாழ்வாரத்தில் உட்கார்ந்திருந்தேன். ஒன்றும் கேட்கவில்லை, தெரிந்தது மட்டும்தான். முதலில் அங்கிள் தந்தி முகத்தைச் செய்து காட்டினார். பெண்மணி மேசையில் தலையை வைத்துக்கொண்டார். பிறகு காகிதம் வந்தது. அங்கிள் வரைந்தார். தலைவர் பேனாவைத் திறந்து அதே காகிதத்தில் எதையோ மாற்றி வரைந்தார். அங்கிள் தலையை ஆட்டி மறுத்து, அதை அடித்துவிட்டு வேறு கோடு போட்டார். அதிகாரி போட்ட கோட்டை அவர் அடித்ததைப் பார்த்து எனக்குத்தான் வியர்த்தது.

வெளியே வந்ததும் சொன்னார்: "நான் உள்ளுக்கை போன உடனை, வீட்டிலை ஆரோ செத்துப்போட்டினம் எண்டு நினைச்சிட்டினமாம். அந்த நேரத்திலை நில அளவையைப் பற்றி எப்பிடிக் கேக்கிறது எண்டு ஒருத்தருக்கும் வாய் வரேல்லையாம். அஞ்சு நிமிசத்திலை முடிச்சு, அனுதாபம் சொல்லி அனுப்ப இருந்தவையாம்."

மறுநாள் சனிக்கிழமை. எட்டாவது அட்டையைப் பழைய இடத்தில் ஒட்டிவிட்டுப் போய், ஆசிரியையிடம் எல்லாவற்றையும் சொன்னேன். கோபப்படுவார் என்று எதிர்பார்த்தேன். அவர் புத்தகத்தைப் பத்துப் பக்கம் பின்னால் புரட்டி, முன்னால் புரட்டி, கடைசியில் மூடினார். திருத்திய படத்தை ஓட்டினோம். வகுப்பில் எதிர்ப்பு வந்தது. சரியான ஆர்வக் காட்சியைப் பார்த்துவிட்டு, "இந்த ஆளிடம் உண்மை இல்லை. பழைய ஆள்தான் நம்பும்படி இருந்தார்," என்றார் கார் வியாபாரி. நான்கு பேர் அவர் பக்கம் நின்றார்கள். வகுப்பு முடிந்ததும் ஆசிரியை என்னை ஒரு தடவை உற்றுப் பார்த்து, பதிவேட்டில் என் படியைத் திருத்தினார். உச்சியிலிருந்து அடிக்கு. ஏழு படி இறங்கியதற்கு முகத்தில் ஏதாவது காட்ட வேண்டும் என்று தோன்றியது. ஒன்றும் வரவில்லை. அவர் அதையும் எழுதிக்கொண்டார்.

மூன்று வாரம் கழித்து நகரசபைக் கடிதம் வந்தது. ஆறு மாதத்துக்குத் தற்காலிக வேலை. சரியாக இருந்தால் நீடிக்கும். அன்ரி அலுமாரிக்கு மேலிருந்து தியோடலைட்டை இறக்கி, சுற்றியிருந்த சேலையை உருவித் துவைக்கப் போட்டார். அந்தச் சேலை இனித் தனக்கு வேண்டும் என்றார்.

வேலைக்குச் சேர்ந்த காலையில் அங்கிள் கோட்டைப் போட்டுக்கொண்டு, பழக்கதோஷத்தில், குசினிக் கண்ணாடிக்கு முன்னால் போய் நின்றார். தலை லேசாக இடது பக்கம் சாயத் தொடங்கியது. அன்ரி பின்னால் வந்து கண்ணாடியைக் கழற்றிக் கவிழ்த்து வைத்தார்.

"முகத்தை வீட்டிலை விட்டிட்டுப் போங்கோ," என்றார். "சாமானை மட்டும் கொண்டு போங்கோ."

"ஓம், ஓம். போட்டு வாறன்," என்று தியோடலைட்டை இரண்டு கையாலும் தூக்கிக்கொண்டு அங்கிள் இறங்கிப் போனார். நான் என் டிபன் பெட்டியை மூடிக்கொண்டு, ரயிலுக்கு அவர் பின்னாலேயே நடந்தேன்.